கையொப்பமில்லாத கோடுகள்

ஆலங்குளம் பேருந்து நிலையத்தை ஒட்டிய தேநீர்க் கடைகளில் எண்பதுகளின் காலை நேரங்கள் தினத்தந்தியோடுதான் விடியும். ஒரே நாளிதழ் நான்கைந்து பேரிடையே தாள்தாளாகப் பிரிந்து கிடக்கும். அரசியல் பக்கம் பெரியவர்களிடம் இருக்கும். எங்களைப் போன்ற பையன்களுக்கு வேண்டிய தாள் கன்னித்தீவு வந்திருக்கும் தாள். இரண்டு மூன்று கட்டங்கள், அதற்குள் சிந்துபாத், லைலா, மந்திரவாதி மூசா. வாசிக்கத் தெரியாத ஒரு முதியவருக்கு அன்றைய கட்டங்களைச் சத்தமாக வாசித்துக் காட்டினால் பாதி வடை கிடைக்கும். 1960-இல் தொடங்கிய அந்தத் தொடர் இருபதாயிரம் நாட்களைத் தாண்டியும் ஓடியது. முடியாமல் இழுபடும் எதையும் 'கன்னித்தீவு மாதிரி' என்று சொல்லும் வழக்கைத் தமிழுக்குக் கொடுத்தது. ஆனால் அதை வரைவது யார் என்று அந்தக் கடையில் ஒருவரும் கேட்டு நான் அறிந்ததில்லை. நானும் கேட்டதில்லை. 'கணு' என்ற பெயரில் வரைந்த கணேசன் என்பவர்தான் நெடுங்காலம் சிந்துபாத்தைத் தினந்தோறும் ஆபத்தில் மாட்டிவிட்டு, மறுநாள் காப்பாற்றிவந்தவர் என்பதை நான் தெரிந்துகொண்டபோது என் தலை நரைக்கத் தொடங்கியிருந்தது.

தமிழில் சித்திரக்கதையின் வரலாறு என்று நாம் எழுதிக்கொண்டிருப்பதெல்லாம் பெரும்பாலும் நாயகர்களின் வரலாறு. அதற்கு அடுத்தபடியாகப் பதிப்பாளர்களின் வரலாறு. வரைந்தவர்கள் அதில் இல்லை. பிற நாடுகளிலும் ஒரு காலத்தில் இதே நிலைதான் இருந்தது. அங்கே அதை மாற்றியவர்கள் பல்கலைக்கழகத்தாரோ பதிப்பகத்தாரோ அல்லர். விடுமுறை நாட்களில் ஏதோ ஒரு விடுதியின் அரங்கில் கூடி, பழைய இதழ்களைப் பரப்பிவைத்து, கிழவர்களாகிவிட்ட ஓவியர்களைத் தேடிப்பிடித்து அழைத்துவந்து, ஒலிப்பதிவுக் கருவியையும் பிறகு ஒளிப்பதிவுக் கருவியையும் அவர்கள் முன்னால் வைத்த ரசிகர்கள்தாம். அந்தக் கதையைச் சற்று விரிவாகச் சொல்ல வேண்டியிருக்கிறது. நமக்கு அது இன்னும் முழுமையாக நிகழவில்லை என்பதே காரணம்.

முதலில் நம் வீட்டுப் பெயரிலிருந்தே தொடங்கலாம். 1972-இல் சிவகாசியிலிருந்து மு. சௌந்திரபாண்டியன் தொடங்கிய முத்து காமிக்ஸின் முதல் இதழ் 'இரும்புக்கை மாயாவி'. முல்லை தங்கராசன் ஆசிரியராக இருந்தார். மின்சாரம் பாய்ந்ததும் உடல் மறைந்து, இரும்புக் கை மட்டும் அந்தரத்தில் மிதக்கும் லூயிஸ் கிராண்டேலைத் தெரியாத தமிழ்ச் சிறுவன் அந்தத் தலைமுறையில் குறைவு. மூலத்தில் அது 1962-இல் இங்கிலாந்தின் 'வேலியன்ட்' வார இதழில் தொடங்கிய தொடர். அதை வரைந்தவரோ ஆங்கிலேயர் அல்லர். பார்சிலோனாவைச் சேர்ந்த ஹெசூஸ் பிளாஸ்கோ. 1919-இல் பிறந்தவர். பதின்வயதிலேயே 'குட்டோ' என்ற சிறுவன் பாத்திரத்தைப் படைத்து ஸ்பெயினில் பெயர்பெற்றவர். உடன்பிறந்தவர்களையும் சேர்த்துக்கொண்டு ஒரு குடும்பமே தூரிகை பிடித்த கூடம் அவருடையது. லண்டனில் கதை எழுதப்படும், தபாலில் பார்சிலோனாவுக்குப் போகும், படங்களாகத் திரும்பி வரும். அந்தப் படங்களிலிருந்து ஆங்கிலச் சொற்கள் அழிக்கப்பட்டு, சிவகாசியில் தமிழ் எழுத்துகள் அந்த வெற்றிடத்தில் வந்து அமர்ந்தன.

அந்தக் கறுப்பு வெள்ளைப் படங்களை இப்போது எடுத்துப் பார்த்தாலும் முதலில் கண்ணில் படுவது வெளிச்சம்தான். அறையின் ஒரு மூலையில் ஒரே ஒரு விளக்கு, மறுபாதி முழுக்கக் கறுப்பு, நடுவே உலோக விரல்களில் மட்டும் ஒரு மினுக்கம். எத்தனையோ முறை அச்சாகித் தேய்ந்து, அளவு சுருங்கி வந்த பிறகும் அந்த மினுக்கம் போகவில்லை. ஏழு வயதில் அதைப் பார்த்து வியந்த நான், அதை ஒருவர் உட்கார்ந்து வரைந்தார் என்பதை நினைத்துக்கூடப் பார்க்கவில்லை. மாயாவி இருந்தார், ஆகவே அவருடைய படமும் இருந்தது, அவ்வளவுதான். பிளாஸ்கோ 1995-இல் காலமானார். தன் கோடுகளைப் பொதிகை மலையின் அடிவாரத்தில் பிள்ளைகள் சிலேட்டில் நகலெடுத்துக்கொண்டிருந்தார்கள் என்பது அவர் காதுக்கு எட்டியிருக்க வாய்ப்பில்லை.

இதற்குத் தமிழ்ப் பதிப்பாளர்களை மட்டும் குறைசொல்ல முடியாது. மூல இதழிலேயே பெயர் இல்லை. அந்நாளைய பிரிட்டிஷ் வார இதழ்கள் ஓவியரின் பெயரை அச்சிடுவதில்லை என்பதை ஒரு கொள்கையாகவே வைத்திருந்தன. படத்தின் ஓரத்தில் யாராவது கையொப்பமிட்டால் வெள்ளை மை பூசி அழித்துவிடுவார்கள். பெயர் தெரிந்தால் போட்டி நிறுவனம் ஆளை இழுத்துக்கொண்டு போய்விடும், வாசகர்களிடம் செல்வாக்கு வந்தால் கூலி உயர்த்திக் கேட்பார்கள் என்ற அச்சம். நாம் 'குற்றச் சக்கரவர்த்தி' என்று கொண்டாடிய ஸ்பைடரின் கதைகள் பலவற்றை எழுதியவர், சூப்பர்மேனை உருவாக்கிய இருவரில் ஒருவரான ஜெர்ரி சீகல். அப்பேர்ப்பட்டவருக்கே பெயர் போடாத இதழ், அதை வரைந்த ரெக் பன்னுக்கா போட்டிருக்கும்! 1977-இல் தொடங்கிய '2000 ஏ.டி.' இதழில், அங்கே உதவி ஓவியராக இருந்த கெவின் ஓநீல், கதாசிரியர், ஓவியர், எழுத்து வரைபவர் ஆகியோரின் பெயர்களை ஒரு சிறு கட்டத்துக்குள் நுழைத்த பிறகுதான் அங்கே நிலைமை மாறத் தொடங்கியது.

சிவகாசிக்கு வருவோம். அந்த ஊரில் படம் வரைபவருக்குப் பெயரே கிடையாதா என்றால், உண்டு. நாள்காட்டியில் உண்டு. கோவில்பட்டியில் வாழ்ந்த சி. கொண்டையராஜு (1898–1976) நாடகக் குழுவொன்றுக்குத் திரைச்சீலை வரைய வந்து, 1942-இல் அந்தக் குழு கோவில்பட்டியில் கலைந்துபோக, அங்கேயே தங்கிவிட்டவர். அவரும் அவருடைய சீடர் டி.எஸ். சுப்பையா முதலியோரும் வரைந்த தெய்வப் படங்கள் சிவகாசியில் அச்சாகித் தென்னிந்தியாவின் பூஜையறைகளை நிறைத்தன. அந்த முருகனின் காலடியிலும் மீனாட்சியின் காலடியிலும் வரைந்தவர் பெயர் பொடி எழுத்தில் இருக்கும். ஸ்டீபன் இங்லிஸ் என்ற கனடா நாட்டு ஆய்வாளர் இவர்களைத் தேடி வந்து எழுதியதற்கு அந்தக் கையொப்பமும் ஒரு காரணம் என்றே நினைக்கிறேன். ஆனால் அதே அச்சு நகரத்தில், தீப்பெட்டிச் சீட்டும் பட்டாசு உறையும் சித்திரக்கதை அட்டையும் வரைந்த கைகளுக்குக் கையொப்பம் இல்லை. முருகனை வரைந்தால் பெயர், மாயாவியை வரைந்தால் பெயரில்லை.

சென்னையின் பத்திரிகை உலகம் வேறு. எஸ். கோபாலனை மாலி 'கோபுலு' ஆக்கினார். அந்தப் பெயர் 2015-இல் அவர் மறைந்த பிறகும் வாழ்கிறது. விகடன், கல்கி, குமுதம் வாசகர்கள் கதையைப் போலவே ஓவியரையும் பெயர் சொல்லிக் கொண்டாடியவர்கள். வாண்டுமாமாவோடு இணைந்து 'பலே பாலு' வரைந்த செல்லம் போன்றோர் அந்த மரபின் ஓரத்தில் நின்றதால் பெயராவது மிஞ்சியது. பெயர் மட்டும்தான். வாண்டுமாமா 'எதிர்நீச்சல்' என்று தன் வாழ்க்கையை எழுதிவிட்டுச் சென்றார். எழுத்தாளர் அல்லவா, எழுதத் தெரியும். தூரிகை பிடித்தவர்கள் தங்கள் வாழ்க்கையை எழுதுவதில்லை. அவர்களிடம் போய் யாராவது கேட்க வேண்டும்.

*

கேட்டவர்களின் கதை அமெரிக்காவில் ஒரு வாத்தில் தொடங்குகிறது. டொனால்ட் டக் சித்திரக்கதைகள் எல்லாவற்றிலும் இருந்த ஒரே பெயர் வால்ட் டிஸ்னி. ஆனால் கூர்மையான சில வாசகர்கள், அவற்றில் ஒரு குறிப்பிட்ட கை வரைந்தவை மட்டும் தனித்து நிற்பதைக் கண்டுகொண்டார்கள். பெயர் தெரியாததால் 'நல்ல வாத்து ஓவியர்' என்று தங்களுக்குள் அழைத்தார்கள். 1960-இல் ஜான் ஸ்பைசர் என்ற ரசிகர் எப்படியோ முகவரி பெற்று அவருக்கு ஒரு கடிதம் எழுதினார். கார்ல் பார்க்ஸ் என்ற அந்த மனிதருக்கு அப்போது ஐம்பத்தொன்பது வயது. நண்பர் யாரோ கேலி செய்கிறார் என்றே முதலில் நினைத்தாராம். ஏறத்தாழ இருபதாண்டுகள் வரைந்த பிறகு வந்த பாராட்டு அல்லவா, நம்பமுடியாமல் போனதில் வியப்பில்லை. அதன் பிறகு அவரை எத்தனையோ பேர் பேட்டி கண்டார்கள். அவரும் 2000 வரை, தொண்ணூற்றொன்பது வயது வரை, வாழ்ந்து பதில் சொன்னார். அது ரசிகர்களின் அதிர்ஷ்டம்.

பிரிட்டனின் ஃபிராங்க் ஹாம்ப்சனுக்கு வாய்த்தது வேறு விதமான காலம். 1950-இல் 'ஈகிள்' இதழில் 'டான் டேர்' என்ற விண்வெளி வீரனை உருவாக்கியவர். உரிமை முழுவதும் பதிப்பகத்துக்கு. 1959-இல் அந்தப் பாத்திரம் அவர் கையை விட்டுப் போனது. பின்னாட்களில் ஒரு தொழில்நுட்பக் கல்லூரியில் வரைகலைப் பணியாளராக வேலை பார்த்துக்கொண்டிருந்தார். 1975-இல் இத்தாலியின் லூக்கா நகரில் நடந்த சித்திரக்கதை விழாவுக்கு அவரை அழைத்து, இரண்டாம் உலகப் போருக்குப் பிந்தைய தலைசிறந்த சித்திரக்கதைக் கலைஞர் என்று மேடையேற்றினார்கள். மறு ஆண்டு லண்டனில் டெனிஸ் கிஃபோர்ட் 'காமிக்ஸ் 101' என்று ஒரு கூட்டத்தைக் கூட்டினார். பிரிட்டிஷ் சித்திரக்கதைக் கலைஞர்களைக் கௌரவிப்பதற்கென்றே நடந்த கூட்டம் அது. கிஃபோர்ட் பேராசிரியர் அல்லர். பழைய இதழ்களை வீடு கொள்ளாமல் சேர்த்துவைத்திருந்த ஒரு பைத்தியக்காரர் என்று சொல்லலாம், அன்போடு. பெயரில்லாப் படங்களுக்குப் பெயர் சூட்டியதில் பெரும் பங்கு இப்படிப்பட்ட பைத்தியங்களுடையது. கோட்டின் தடிமனையும் காது வரையும் விதத்தையும் வைத்து இது இன்னார் கை என்று கண்டுபிடித்து, பிறகு அந்த மனிதரை நேரில் கண்டு உறுதி செய்துகொள்வது அவர்கள் முறை. நம்மூரில் ஏட்டுச் சுவடி ஒப்புநோக்கியவர்களின் பிடிவாதம் அதில் இருந்தது.

சான் டியேகோவில் ஷெல் டார்ஃபும் நண்பர்களும் 1970 ஆகஸ்டில் நடத்திய கூட்டத்துக்கு வந்தவர்கள் ஏறத்தாழ முந்நூறு பேர். ஜாக் கிர்பியும் ரே பிராட்பரியும் வந்திருந்தார்கள். இன்று அங்கே ஒரு லட்சத்துக்கும் மேற்பட்டோர் கூடுகிறார்கள், திரைப்பட நிறுவனங்கள் கடைவிரிக்கின்றன, ஓவியர்கள் ஒரு மூலையில் மேசை போட்டு உட்கார்ந்திருக்கிறார்கள் என்பது வேறு கதை. முதலில் ஒலிநாடாதான். வில் ஐஸ்னர், தாமே பெரிய ஓவியர், எண்பதுகளில் சக ஓவியர்களோடு உரையாடிப் பதிவு செய்தவை பின்னர் 'ஷாப் டாக்' என்று நூலாயின. நான் படித்த ஓவியர் பேட்டிகளில் அவற்றுக்கு இணையாக வேறு எதையும் சொல்ல மாட்டேன். என்ன தூரிகை, என்ன மை, ஒரு நாளைக்கு எத்தனைப் பக்கம், பக்கத்துக்கு என்ன கூலி, மூலப்படம் யாருக்குச் சொந்தம் என்று தொழிலைத்தான் கேட்பார். கலையைப் பற்றி ஒருவரும் உபதேசம் செய்வதில்லை. ஆனால் படித்து முடிக்கும்போது கலையைப் பற்றித் தெரிந்துவிடுகிறது.

பிறகு ஒளிப்பதிவுக் கருவி மலிவாகி வீட்டுக்கு வந்தது. 1987-இல் 'தி மாஸ்டர்ஸ் ஆஃப் காமிக் புக் ஆர்ட்' என்ற ஆவணப்படம் வந்தது. 1991-இல் தொடங்கி ஸ்டான் லீ ஒரு வீடியோ நாடா வரிசை கொண்டுவந்தார். அதன் அளவு மீறிய சிரிப்பும் விளம்பரத் தொனியும் எனக்கு உவப்பானவை அல்ல. ஆயினும் அதில் ஒரு காரியம் சரியாக நடந்தது. ஓவியர் பேசிக்கொண்டே வரைகிறார், காமிரா அவர் கையைப் பார்க்கிறது. பென்சில் எங்கே தொடங்குகிறது, கண்ணிலா தாடையிலா, எந்தக் கோட்டை ஒரே இழுப்பில் இழுக்கிறார், எங்கே தயங்குகிறார் என்பதை எந்த அச்சுப் பேட்டியும் சொல்லாது. முகத்தைப் படம்பிடிப்பது எளிது. பார்க்க வேண்டியது கையை.

முகத்தைக் காட்ட மறுத்தவரும் உண்டு. ஸ்பைடர்மேனின் முதல் ஓவியர் ஸ்டீவ் டிட்கோ 1960களின் இறுதியிலிருந்தே பேட்டி தருவதை அடியோடு நிறுத்திக்கொண்டார். வாசகருக்கு நான் அளிப்பது என் படத்தை, என்னை அல்ல என்பது அவர் நிலை. 2007-இல் பி.பி.சி. அவரைத் தேடி ஒரு படமே எடுத்தது. நிகழ்ச்சியை நடத்திய ஜொனாதன் ராஸும் நீல் கெய்மனும் அவருடைய அலுவலக வாசல் வரை போய்ச் சந்தித்தார்கள். காமிரா முன் வர மட்டும் மறுத்துவிட்டார். படம் டிட்கோ இல்லாமலேயே முடிகிறது. 2018-இல் அவர் மறைந்தார். அவருடைய மறுப்பை நான் மதிக்கிறேன். ஆனால் அது கேட்கப்பட்ட பின் வந்த மறுப்பு. கேட்கப்படாமலே போனவர்களின் மௌனத்தை அதோடு சேர்த்து எண்ணக் கூடாது.

*

இந்தியாவில் முதல் காமிக் கான் 2011 பிப்ரவரியில் தில்லி ஹாட்டில் நடந்தது. அங்கே அமர் சித்திரக் கதையின் அனந்த் பைக்கு வாழ்நாள் சாதனையாளர் விருது வழங்கினார்கள். அடுத்த சில நாட்களில், பிப்ரவரி 24 அன்று, அவர் மாரடைப்பால் காலமானார். எண்பத்தொரு வயது. ஒரு வாரம் பிந்தியிருந்தால் அந்த மேடையில் ஒரு படம் மட்டும் மாலையோடு இருந்திருக்கும். அவரையாவது நாடு அறியும். சுப்பாண்டியை எடுத்துக்கொள்வோம். திருச்சி வாசகர் ஒருவர் எழுதியனுப்பிய கதைகளிலிருந்து 1983-இல் 'டிங்கிள்' இதழில் பிறந்த பாத்திரம். பெயரும் மூடத்தனமும் தமிழ்நாட்டிலிருந்து போனவை. அந்த நீள்தலையையும் நீட்டிய மூக்கையும் கொடுத்தவர் ராம் வாயிர்கர். அமர் சித்திரக் கதை வரிசையின் தொடக்கக் காலக் 'கிருஷ்ணா' அவர் கையால் ஆனது. அவர் இறந்தது 2003-இல், இந்தியாவில் ரசிகர்கள் கூட ஒரு அரங்கு கிடைப்பதற்கு எட்டாண்டு முன்னால். பின்னர் அவர் மகள் சுப்பாண்டியைத் தொடர்ந்து வரைந்தார். தந்தையின் கையைக் கற்றுக்கொண்ட மகளிடம் கேட்க எவ்வளவோ இருக்கிறது. ஆனால் அவர் சொல்வது அவருடைய நினைவு. தந்தையின் குரலுக்கு அது ஈடாகாது.

காமிக் கான் சென்னைக்கு 2024 பிப்ரவரியில்தான் வந்தது. அதற்கு முன்பே தமிழ் வாசகர்களுக்குத் தங்களுக்கென்று ஒரு கூடல் இருந்தது. 1984-இல் எஸ். விஜயன் பதினேழு வயதில் பொறுப்பேற்றுத் தொடங்கிய லயன் காமிக்ஸ், 2012-க்குப் பிறகு புத்துயிர் பெற்று வண்ணத்தில் வரத் தொடங்கிய காலத்தில், ஈரோடு புத்தகத் திருவிழாவை ஒட்டி ஆகஸ்ட் மாதத்தில் வாசகர் சந்திப்புகள் நடக்கத் தொடங்கின. மக்கள் சிந்தனைப் பேரவை 2005 முதல் நடத்திவரும் விழா அது. வெளியே மைதானத்தில் புத்தக அரங்குகள், அருகில் ஏதோ ஒரு விடுதியின் அரங்கில் இவர்கள். வங்கி அலுவலர், மருந்துக்கடைக்காரர், ஆசிரியர், ஓய்வுபெற்ற காவலர் என்று நரைத்த பையன்கள். டெக்ஸ் வில்லரின் சட்டை நிறத்தைப் பற்றி இவர்கள் வாதிடுவதைக் கேட்க வேண்டும். எல்லாமே கைப்பேசியில் பதிவாகிறது. ஆசிரியர் பேசுவதும், வாசகர் அழுவதும், முதல் பிரதி பெறுவதும் பதிவாகின்றன. விஜயன் தம் பத்தியான 'சிங்கத்தின் சிறுவயதில்' வழியாகப் பதிப்பின் உள்கதைகளை நிறையவே எழுதியிருக்கிறார். தமிழ்ச் சித்திரக்கதை வரலாற்றுக்கு அது பெரிய கொடை.

ஆனால் அந்த மேடையில் வரைந்தவர் இருப்பது அரிது. அதற்கு எளிய காரணம் உண்டு. டெக்ஸின் ஓவியர்கள் இத்தாலியில், லக்கி லூக்கைப் படைத்த மோரிஸ் பெல்ஜியத்தில், கேப்டன் டைகரை வரைந்த ஷான் ஜிரோ பிரான்ஸில். ஜிரோ 2012 மார்ச்சில் மறைந்தார், மோரிஸ் அதற்கும் முன்பே. நாம் கொண்டாடுவதெல்லாம் வேற்று நாட்டுக் கோடுகள். உள்ளூரில் வரையப்பட்டவை பெரும்பாலும் அட்டைகள், விடுபட்ட ஓரங்களின் நிரவல்கள், தினத்தந்தி குழுமத்தின் ராணி காமிக்ஸில் வந்த சில சொந்தக் கதைகள். கலை வரலாறு இவற்றைக் கலை என்று கருதுவதில்லை, சித்திரக்கதை ரசிகர்களோ இவற்றை மூலமல்ல என்று ஒதுக்குகிறார்கள். இரண்டு கதவும் சாத்தியிருக்க, அந்த ஓவியர்கள் திண்ணையிலேயே இருந்துவிட்டார்கள். ட்ராட்ஸ்கி மருது போன்ற ஓரிருவர் மட்டும் தாம் வரையக் கற்ற பள்ளிகளில் சித்திரக்கதையும் ஒன்று என்று வெட்கமில்லாமல் சொன்னார்கள்.

*

இவ்வளவும் எழுத நேர்ந்ததற்கு ஒருவர் காரணம். எங்கள் ஊரில் கடைப்பலகையும் சுவர் விளம்பரமும் எழுதிவந்த ஒரு பெரியவர். பெயரைப் போட வேண்டாம் என்று கேட்டுக்கொண்டதால் விட்டுவிடுகிறேன். எழுபதுகளின் கடைசியில் மூன்று ஆண்டுகள் சிவகாசியில் ஓர் ஓவியக்கூடத்தில் எடுபிடியாக இருந்தவர். அங்கே நாள்காட்டி, பட்டாசு உறை, நாவல் அட்டை, சித்திரக்கதை அட்டை எல்லாம் போட்டார்கள். உருவத்தை மூத்தவர் வரைவார். வானமும் தரையும் புகையும் இவருடைய பங்கு. ஃபிளெக்ஸ் பலகை வந்த பிறகு தூரிகை வேலை நின்றுபோய், மகன் கடையில் உட்கார்ந்திருந்தார்.

ஓர் ஆகஸ்டில் நானும் ஒரு நண்பரும் அவரை ஈரோட்டுக்கு அழைத்துப்போனோம். வர மறுத்தார். "அங்க வந்து நான் என்ன தம்பி பேச, ஆகாசத்துக்கு நீலம் அடிச்சேன்னா?" என்றார். ஒருவழியாக வந்தார். மேசையில் பரப்பியிருந்த பழைய இதழ்களைப் பார்த்ததும் ஒவ்வொன்றாக எடுத்துத் திருப்பிக் கண்ணுக்கு அருகில் கொண்டுபோய்ப் பார்த்தார். யாரும் அவரைக் கவனிக்கவில்லை. நண்பர் காமிராவை வைத்தார். ஏறக்குறைய முக்கால் மணி நேரம் பேசினார். போஸ்டர் கலர் எங்கே வாங்குவது, வானத்தை ஈரம் காயும் முன் இழுத்துவிட வேண்டும் என்பதால் மின்விசிறியை நிறுத்திவிட்டு வேர்க்க வேர்க்க நின்றது, சனிக்கிழமைக் கூலி, ஊருக்கு வரப் பேருந்து இல்லாமல் சங்கரன்கோவிலில் தூங்கிய இரவு. திரும்பி வந்து போட்டுப் பார்த்தால், அரங்கின் ஒலிபெருக்கி எல்லாவற்றையும் விழுங்கியிருந்தது. அவர் வாய் அசைகிறது, பின்னணியில் யாரோ ஒருவர் அடுத்த ஆண்டு வெளியீடுகளை அறிவிக்கிறார். காதில் மாட்டும் சிறு மைக் ஒன்று அன்றைக்கு எங்களிடம் இல்லை. விழாக்களில் பேட்டி எடுப்பதன் முதல் பாடத்தை அப்படித்தான் கற்றோம். கூட்டம் ஆளைக் கண்டுபிடிக்க உதவும், குரலைப் பிடிக்க உதவாது.

இரண்டாம் முறை அவர் வீட்டிலேயே எடுத்தோம். அங்கே வேறொரு சிக்கல். ஈரோட்டில் நான் வாங்கிவந்த இரண்டு பழைய இதழ்களை முன்னால் வைத்தேன். ஒன்றைத் தொட்டு "இந்த வானம் நான் போட்டது" என்றார். மகிழ்ந்தேன். இன்னொன்றையும் தொட்டு அதையே சொன்னார். அந்த இரண்டாவது இதழ் அவர் சிவகாசியை விட்டு வந்து பல ஆண்டுகளுக்குப் பின் அச்சானது. அவர் பொய் சொல்லவில்லை. அந்த மாலை நேரச் செம்மஞ்சள் வானம் அந்தக் கூடத்தின் வானம். அவருக்கு முன்னால் இருந்தவரும் அதைத்தான் போட்டார், பின்னால் வந்தவரும் அதைத்தான் போட்டிருப்பார். கையொப்பமில்லாத தொழிலில் கை எது என்று கையாலேயே சொல்ல முடிவதில்லை. கிஃபோர்டைப் போன்றவர்கள் பேட்டியை மட்டும் நம்பாமல் இதழ், தேதி, கோடு என்று ஒப்புநோக்கியதன் அருமை எனக்கு அப்போதுதான் உறைத்தது. முதல் இதழைப் பற்றி அவர் சொன்னதையும் இப்போது நான் உறுதியாக எடுத்துக்கொள்ள முடியாது. ஆனாலும் எடுத்த பதிவில் ஒரு நொடியைக்கூட வெட்டவில்லை.

பேச்சு ஓய்ந்தபோது நண்பர் ஐஸ்னரின் வழியில், எந்தத் தூரிகை என்று கேட்டார். பதில் சொல்லாமல் உள்ளே போய் ஒரு தகர டப்பாவை எடுத்துவந்தார். பட்டைத் தூரிகை ஒன்று, மயிர் பாதி உதிர்ந்தது. பேத்தியின் நோட்டிலிருந்து ஒரு தாளைக் கிழித்து, தண்ணீரில் நனைத்து, தரையில் ஒட்டினார். பேத்தியின் வண்ணப்பெட்டியிலிருந்தே நீலம். காமிராவை மேலே தூக்கி அவர் கைக்கு நேராகப் பிடித்தோம். இடமிருந்து வலம் ஓர் இழுப்பு, திரும்பி வரும்போது அழுத்தம் குறைகிறது, மூன்றாவது இழுப்பில் மை பாதி தண்ணீர் பாதி. கீழே வர வர வெளுத்து, தாளின் முக்கால் பாகத்தில் அடிவானம் தானாக வந்து நின்றது. ஒரு நிமிடம் கூட ஆகவில்லை. கை நடுங்கியது, தாளைத் தொட்ட பிறகு நடுங்கவில்லை.

"இதுக்கு மேல மூத்தவரு ஆளைப் போடுவாரு" என்று சொல்லிவிட்டுத் தூரிகையைக் கழுவப் போனார். அந்தத் தாளில் கையெழுத்துப் போட்டுத் தரும்படி கேட்டேன். ஈரம் காயட்டும் என்றார். காய்ந்த பிறகு பேத்தி அதில் ஒரு விமானம் வரைந்துவிட்டாள்.